ஆபீஸ் வெல்னெஸ் சேலஞ்ச்ல சைவம் சாப்பிடுறவங்களுக்கு மட்டும் ஏன் பாயின்ட் குறையுது?

கேள்வி | பிப்ரவரி 3, மாலை 6.15

எங்க ஆபீஸ்ல 8 வாரம் வெல்னெஸ் சேலஞ்ச் ஆரம்பிச்சிருக்காங்க. தினமும் மதிய சாப்பாட்ட போட்டோ எடுத்து ஆப்ல ஏத்தணும், நடை, தூக்கம், புரோட்டீன் எல்லாத்துக்கும் பாயின்ட். நான் சின்ன வயசுலேர்ந்து சைவம், முட்டையும் கிடையாது. நாலு நாளா புரோட்டீன் கட்டம் சிவப்பாவே இருக்கு. என்னால டீம் ஸ்கோர் குறையுதுன்னு டீம்ல முணுமுணுக்குறாங்க. சைவம் சாப்பிட்டுக்கிட்டு இதுல தாக்குப்பிடிக்க முடியுமா, இல்ல நிஜமாவே சைவம் போதாதா? அனுபவப்பட்டவங்க சொல்லுங்க.

பிப்ரவரி 3, இரவு 10.40

சைவம் போதும் தம்பி, அத முதல்ல சொல்லிட்டு மத்தத பேசுறேன். நான் வேலைக்கு வந்து 26 வருஷம் ஆச்சு, பொறந்ததுலேர்ந்து சைவம், மூணு ஆபீஸ்ல இந்த மாதிரி ப்ரோகிராம் பாத்துட்டேன், கடைசி ஆபீஸ்ல வெல்னெஸ் கமிட்டிலயே ரெண்டு வருஷம் இருந்தேன். அந்த சிவப்பு கட்டம் உங்க உடம்பப் பத்தி பேசுதா, இல்ல அந்த ஆப் எப்படி செஞ்சிருக்காங்கங்கறதப் பத்தி பேசுதான்னு பிரிச்சுப் பாக்கணும்.

பெரியவங்களுக்கு பொதுவா சொல்ற அளவு ஒரு கிலோ எடைக்கு 0.8 கிராம் புரோட்டீன். 60 கிலோ ஆளுன்னா 48 கிராம். ஒரு கப் பருப்புல 18, பெரிய டம்ளர் பால் ஒண்ணுல 8, ஒரு கிண்ணம் தயிர்ல 7, நாள் முழுக்க சாப்பிடுற தானியத்துல 15 கிட்ட வந்துடும். கூட்டிப் பாருங்க, சரியா 48.

எங்க ஆபீஸ் ஆப்ல மதியம் என்ன புரோட்டீன் சாப்பிட்டேன்னு கேட்டு ஒரு பட்டியல் விரியும். கோழி, மீன், இறைச்சி, முட்டை, மற்றவை. அவ்வளவுதான். மற்றவைய தொட்டா எதுவும் கேக்காம 5 கிராம் போட்டுக்கும். நான் எட்டு வாரம் ஒரு தட்டு நிறைய கொண்டைக்கடலை சாப்பிட்டேன், ஆப் கணக்குல எட்டு வாரமும் 5 கிராம். உங்க ஆப்ல என்ன பட்டியல் இருக்குன்னு பாத்து எழுதுங்க.

பிப்ரவரி 4, காலை 7.05

நேத்து தூக்கக் கலக்கத்துல எழுதினதுல ஒரு திருத்தம். ஒரு கப் பருப்பு 18 கிராம்னு சொன்னது வெந்து கெட்டியா இருக்குற பருப்பு, ஏறக்குறைய 200 கிராம். உலர்ந்த பருப்பு 100 கிராமுக்கு 24 கிட்ட வரும், அதே பருப்பு தண்ணி குடிச்சு வெந்ததும் 100 கிராமுக்கு 9 தான். தண்ணியா கரைச்சு ஊத்தினா கேக்கவே வேண்டாம், இன்னும் குறையும். நான் ஒரு வருஷம் முழுக்க உலர்ந்த பருப்போட நம்பர வெந்த பருப்புக்கு போட்டு கணக்கு பண்ணி, தேவைக்கு மேலயே சாப்பிடுறோம்னு நம்பிக்கிட்டு இருந்தேன். பாதி கூட வந்திருக்காது.

இன்னொண்ணு, 0.8ங்கறது குறைஞ்சபட்சம். செடியிலேர்ந்து வர்ற புரோட்டீன் கொஞ்சம் கம்மியா செரிக்கும், வயசாக ஆக தேவையும் கூடும்னு சொல்றாங்க, அதனால நான் கிலோவுக்கு ஒரு கிராம்னு வச்சுக்கிறேன். உங்க ஆப் என்ன அளவு வச்சிருக்குன்னும் பாருங்க, ஜிம்ல எடை தூக்குறவங்களுக்கு சொல்ற 1.6ஐ எல்லாருக்கும் போட்டிருந்தா அசைவம் சாப்பிடுறவங்களே பாதிப் பேர் சிவப்புலதான் இருப்பாங்க.

பிப்ரவரி 4, மதியம் 1.50

பருப்பையும் தானியத்தையும் ஒரே தட்டுல சாப்பிட்டாதான், உடம்புக்கு வேண்டிய எல்லா கூறும் இருக்கற முழு புரோட்டீனான்னு ஒருத்தர் கேட்டிருக்கார். தேவையில்ல, ஒரு நாளைக்குள்ள ரெண்டும் உள்ள போனா போதும். அந்த ஒரே தட்டு விஷயத்த 1971ல ஒரு புத்தகம் எழுதி பரப்பினவங்கள்ல முக்கியமானவங்க ஃப்ரான்சிஸ் மூர் லாப்பேங்கற அமெரிக்க எழுத்தாளர். பத்து வருஷம் கழிச்சு, அந்தப் புத்தகத்தோட 1981 பதிப்புல, நான் அத தேவைக்கு மேல பெருசு பண்ணிட்டேன்னு அவங்களே திருத்திக்கிட்டாங்க. அப்படி வெளிப்படையா திருத்திக்கிறவங்க மேல எனக்கு பெரிய மரியாதை. ஆனா திருத்தம் இன்னும் நிறைய வெல்னெஸ் ஸ்லைடுக்கு போய்ச் சேரல, போன வருஷம் கூட ஒரு ட்ரெய்னர் அதையே சொல்லிக் கொடுத்தார்.

பவுடர் வாங்கலாமான்னு கேட்டவருக்கு: சாப்பாட்ட சரி பண்ணிட்டு, அப்பவும் பத்தலன்னா பாருங்க.

பிப்ரவரி 6, இரவு 11.20

ரெண்டு நாளா இத எழுதலாமா வேண்டாமான்னு யோசிச்சேன். எழுதிடுறேன், யாருக்காச்சும் உதவும்.

ஒரு ஆபீஸ்ல (பேர் வேண்டாம்) வருஷா வருஷம் ஹெல்த் செக்கப் கேம்ப் வைப்பாங்க. மீட்டிங் ரூம்ல மூணு மேசை. ஒண்ணுல எடை உயரம், ஒண்ணுல பிபி, ஒண்ணுல விரல்ல குத்தி சர்க்கரையும் கொலஸ்ட்ராலும், ரத்தம் எடுத்து ஹீமோகுளோபினும் பாப்பாங்க. கடைசில ஒரு கார்டு கொடுத்து அதுல பச்சை, மஞ்சள், சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டுவாங்க. எனக்கு நாலு வருஷம் தொடர்ந்து பச்சை. "சைவம்னாலே இப்படித்தான் மேடம், நீங்கதான் எங்க போஸ்டர்"னு சொன்னாங்க, நிஜமாவே என் போட்டோவ எடுத்து லிஃப்ட் பக்கத்துல ஒட்டினாங்க.

அந்த நாலாவது வருஷம் எனக்கு கால் மரமரன்னு இருக்க ஆரம்பிச்சிருந்தது. மேசைக்கு அடியில செருப்ப கழட்டிட்டு ஒரு பாதத்த இன்னொரு பாதத்தால தேச்சுக்கிட்டே வேலை பாப்பேன். நாற்காலி சரியில்லன்னு நினைச்சு நாற்காலிய மாத்தச் சொல்லி ரெண்டு தடவ எழுதிக் கொடுத்தேன். அப்புறம் விரல் நுனிக்கு வந்தது. சட்டை பட்டன் போடும்போது துணி எது பட்டன் எதுன்னு கண்ணால பாத்தாதான் தெரியும்ங்கற அளவுக்கு போச்சு. ஞாபக மறதியும் இருந்தது, அத வேலை அழுத்தம்னு நினைச்சுக்கிட்டேன்.

கடைசில என் கைக்காசுல டாக்டர்கிட்ட போனேன். அவர் கேட்ட முதல் கேள்வியே சாப்பாடு என்னங்கறதுதான். நரம்புக்கும் ரத்தத்துக்கும் வேண்டிய வைட்டமின் பி12 எடுத்துப் பாத்தா அடிமட்டத்துல கிடக்கு. கேம்ப்ல அத எடுக்கவே இல்ல, நாலு வருஷத்துல ஒரு தடவ கூட. ஹீமோகுளோபின் மட்டும் பாத்தா தெரியாதான்னு கேட்டேன். கீரை, பருப்புன்னு ஃபோலேட் (இன்னொரு பி வைட்டமின்) நிறைய சாப்பிடுறவங்களுக்கு பி12 குறைஞ்சாலும் ரத்தம் பாக்க நல்லாவே இருக்கலாம், ஆனா நரம்பு பாட்டுக்கு கெட்டுக்கிட்டே போகும்னு விளக்கினார். கல்லீரல்ல வருஷக்கணக்குல சேமிப்பு இருக்கறதால குறையறதும் மெதுவாத்தான் தெரிய வரும்.

ஊசி போட்டாங்க, அப்புறம் மாத்திரை. விரல் முழுசா சரியாயிடுச்சு. இடது கால் கட்டைவிரல் இன்னும் முழுசா வரல. அந்த போஸ்டர் நான் அங்கேர்ந்து கிளம்புற வரைக்கும் லிஃப்ட் பக்கத்துல இருந்தது, ஒவ்வொரு நாளும் அதக் கடந்து போறது எனக்கு ரொம்ப கஷ்டமா இருக்கும்.

பிப்ரவரி 7, காலை 8.30

நேத்து எழுதினதப் படிச்சு ரெண்டு பேர் பயந்துபோய் தனியா மெசேஜ் பண்ணியிருக்கீங்க. எல்லா சைவக்காரங்களுக்கும் இப்படி ஆகாது. பால், தயிர், முட்டை எதாச்சும் ஒழுங்கா சாப்பிடுறவங்களுக்கு ஓரளவு கிடைச்சுடும். ஒரு நாள் தேவை 2.4 மைக்ரோகிராம், பெரிய டம்ளர் பால் ஒண்ணுல பாதி கிட்ட வந்துடும். செடிலேர்ந்து வர்ற சாப்பாட்ட நம்ப முடியாது, பாலும் வேண்டாம்னு வீகனா இருக்கறவங்க பி12 சேர்த்த உணவோ மாத்திரையோ கட்டாயம் எடுக்கணும்.

நான் நேத்து விட்டுட்ட விஷயம் ஒண்ணு இருக்கு. எனக்கு ஏன் குறைஞ்சதுன்னு யோசிச்சா, அதுலயும் இந்த ப்ரோகிராமுக்கு பங்கு இருக்கு. முதல் ஆபீஸ்ல "பாலும் சர்க்கரையும் இல்லாத 30 நாள்"னு ஒரு சேலஞ்ச், எடை குறைக்கறதுக்காக. எனக்கு அதுல முதல் பரிசு. கறுப்பு காபி பழகிடுச்சு, தயிரும் குறைஞ்சுடுச்சு, 30 நாள் முடிஞ்சும் பாலுக்கு நான் திரும்பவே இல்ல. மேல வயித்து எரிச்சலுக்கு வருஷக்கணக்கா மாத்திரை வேற. வயித்து அமிலத்த குறைக்கற மாத்திரையும் சரி, சர்க்கரைக்கு கொடுக்கற மெட்ஃபார்மினும் சரி, ரொம்ப நாள் எடுத்தா பி12 உள்ள போறத குறைக்கும். பால நிறுத்துங்கன்னு எல்லாருக்கும் ஒரே சேலஞ்ச் வச்சவங்க, இதுல யாருக்கு பால்தான் ஒரே வழின்னு கேக்கல. எனக்கும் கேக்கத் தோணல.

பிப்ரவரி 9, மாலை 5.10

இரும்புச்சத்து பத்தி கேட்டவங்களுக்கு. கீரை, பயறுல இருக்கற இரும்பு உடம்புல சேர்றது கம்மி. கூட ஆரஞ்சு, எலுமிச்சை மாதிரி வைட்டமின் சி இருந்தா நல்லா சேரும், சாப்பாட்டோட டீயோ காபியோ குடிச்சா ரொம்பக் குறையும். அமெரிக்கால சைவக்காரங்களுக்கு இரும்புத் தேவை 1.8 மடங்குன்னு வச்சிருக்காங்க, மாதவிடாய் இருக்கற வயசுப் பெண்களுக்கு சாதாரணமாவே 18 மில்லிகிராம்.

இப்ப ஆபீஸ் மதியத்த நினைச்சுப் பாருங்க. ரெண்டு மீட்டிங்குக்கு நடுவுல 25 நிமிஷம், தட்டு காலியாகறதுக்குள்ள டீ வண்டி வந்து நிக்கும், அத விட்டா நாலரைக்குத்தான். எல்லாரும் சாப்பாட்டோடயே குடிச்சுடுறோம். கமிட்டில இருந்தப்ப நான் கேட்டு வாங்கின ஒரே மாற்றம் டீ வண்டிய ஒரு மணி நேரம் தள்ளி விட்டதுதான். செலவே கிடையாது, ஆனா கையெழுத்து வாங்க மூணு மாசம் ஆச்சு.

செக்கப் எடுத்தா ஹீமோகுளோபினோட, இரும்புக் கையிருப்ப காட்டற ஃபெரிட்டின் டெஸ்டும் கேளுங்க. கையிருப்பு தீந்து கொஞ்ச நாள் கழிச்சுதான் ஹீமோகுளோபின் இறங்கும்.

பிப்ரவரி 12, இரவு 9.45

"இந்த ப்ரோகிராமால யாருக்காச்சும் நிஜமா உடம்பு தேறியிருக்கா, ஆராய்ச்சி இருக்கா"ன்னு கேட்டிருக்கார் ஒருத்தர். இருக்கு, அதுலயே ஒரு கதை இருக்கு.

2010ல கேத்ரின் பெய்க்கர், டேவிட் கட்லர், சிரூய் சாங்ங்கற மூணு அமெரிக்க ஆராய்ச்சியாளர்களும் பழைய ஆய்வுகள தொகுத்து, வெல்னெஸ்ல போடற ஒவ்வொரு டாலருக்கும் மருத்துவச் செலவு 3.27 டாலர் குறையுதுன்னு எழுதினாங்க. நான் கமிட்டில சேந்தப்ப எனக்குக் காட்டின முதல் ஸ்லைடே அதான். பெருமையா இருந்தது, நானும் நாலு இடத்துல சொன்னேன்.

அப்புறம் 2019ல அதே பெய்க்கரும் சாங்கும், பிஜேஸ் ஹோல்சேல் கிளப்ங்கற கடை நிறுவனத்துல 160 கிளைகள எடுத்து, அதுல 20 கிளைய குலுக்கல்ல தேர்ந்தெடுத்து அங்க மட்டும் ப்ரோகிராம் நடத்திப் பாத்தாங்க. மொத்தம் 33 ஆயிரம் பேர் கிட்ட. 18 மாசம் கழிச்சு, உடற்பயிற்சி பண்றேன், எடைய கவனிக்கிறேன்னு சொன்னவங்க கூடியிருந்தாங்க. கொலஸ்ட்ரால், பிபி, பிஎம்ஐ, லீவு, மருத்துவச் செலவு எதுலயும் குறிப்பிடற மாதிரி வித்தியாசம் இல்ல. இல்லினாய் பல்கலைக்கழகத்துல 4,834 ஊழியர்கள வச்சு அதே சமயத்துல நடந்த இன்னொரு ஆய்வுலயும் ஏறக்குறைய அதே முடிவு, செக்கப் எடுத்தவங்க எண்ணிக்கை மட்டும் கூடுச்சு. அதுல என்ன தெரிஞ்சுதுன்னா, தானா வந்து சேர்றவங்க ஏற்கனவே மருத்துவச் செலவு கம்மியா இருக்கறவங்க. சேந்தவங்களையும் சேராதவங்களையும் பக்கத்துல வச்சுப் பாத்தா ப்ரோகிராம் பெரிய வெற்றி மாதிரி தெரியும், குலுக்கல் போட்டுப் பாத்தா அந்த வெற்றி காணாமப் போயிடும்.

நான் அந்த 3.27ஐ சொன்ன நாலு இடத்துலயும் போய் மறுபடி சொல்ல முடியல. இங்க சொல்லிடுறேன்.

பிப்ரவரி 13, காலை 6.50

"அப்ப எல்லாத்தையும் மூடிடலாமே"ன்னு ஒரு பதில் வந்திருக்கு. ராத்திரி அப்படித்தான் எனக்கும் இருந்தது, காலைல எழுந்தா அப்படி இல்ல.

கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக கேன்டீன்கள்ல எம்மா கார்னெட் குழு பண்ணின ஆய்வு 2019ல வந்தது, 94 ஆயிரத்துச் சொச்சம் சாப்பாட்டோட விற்பனைக் கணக்கு. யாருக்கும் வகுப்பு எடுக்கல, பாயின்ட் கொடுக்கல. கவுன்டர்ல நாலுல ஒண்ணு சைவமா இருந்தத நாலுல ரெண்டாக்கினாங்க, அவ்வளவுதான். சைவ விற்பனை, சோதனையா நடத்தின இடத்துல ஏறக்குறைய 8 சதவீதப் புள்ளி கூடுச்சு, மத்த ரெண்டு கல்லூரி கணக்குல 15 கிட்ட. அதிகமா மாறினது யாருன்னா, அது வரைக்கும் சைவத்த ரொம்பக் கம்மியா எடுத்தவங்க.

கெய்க்கோங்கற இன்ஷூரன்ஸ் கம்பெனில பத்து அலுவலகத்துல 18 வாரம் கொழுப்பு குறைஞ்ச வீகன் சாப்பாடு சோதனை நடந்தது, 2013ல வெளியாச்சு. சேந்தவங்களுக்கு சராசரியா 2.9 கிலோ குறைஞ்சுது, எல்டிஎல்ங்கற கெட்ட கொலஸ்ட்ராலும் இறங்குச்சு. அங்க வாரா வாரம் குழுவா உக்காந்து பேசினாங்க, கேன்டீன்லயும் அதுக்கேத்த சாப்பாடு வச்சாங்க. சும்மா ஆப் கொடுத்துட்டு விட்டுடல.

நான் இவ்வளவு வருஷம் கழிச்சு வந்து நிக்கற இடம் இதான். ஆளைப் புடிச்சு அளந்து, நீ மாறுன்னு சொல்ற காச, கவுன்டர்லயும் சாப்பாட்டு நேரத்துலயும் போடணும்.

பிப்ரவரி 13, இரவு 10.15

காலைல எழுதினதப் படிச்சுட்டு "அப்ப எல்லாருக்கும் சைவம்தான்னு சட்டம் போடச் சொல்றீங்களா"ங்கறாங்க. இல்லவே இல்ல. 2018ல வீவொர்க் கம்பெனி, இறைச்சி சாப்பிட்டா அந்தச் செலவ திருப்பித் தர மாட்டோம்னு சொல்லுச்சு. அப்ப எனக்கு சந்தோஷமாத்தான் இருந்தது. என் டீம்ல ஒரு பையன், "உங்க தட்ட பாத்து ஒருத்தர் மார்க் போட்டா உங்களுக்கு எப்படி இருந்துச்சு, அதேதான எனக்கும்"னான். அவன் சொன்னது சரி.

பிப்ரவரி 17, மதியம் 2.30

நடை பத்தி, தலைப்புக்கு வெளியதான், இருந்தாலும். 10,000 அடி நடக்கலன்னு கவலைப்படறவங்க தெரிஞ்சுக்கங்க, அந்த நம்பர் 1965ல ஜப்பான்ல வித்த ஒரு அடி எண்ணும் கருவியோட பேர்லேர்ந்து வந்தது, மான்போ கெய், பத்தாயிரம் அடி மீட்டர்னு அர்த்தம். 2019ல 16,741 வயசான பெண்கள பாத்த ஆய்வுல, ஏறக்குறைய 7,500 அடிக்கு மேல போனா இறப்பு விகிதம் அதுக்கு மேல குறையல. அதனால 6,000 நடந்துட்டு அழாதீங்க.

பிப்ரவரி 20, இரவு 9.00

சைவம்னாலே ஆரோக்கியம்னு நம்மாளுங்களே சொல்லிக்கிறத நான் ஒத்துக்க மாட்டேன். இங்கிலாந்துல 48 ஆயிரம் பேர 18 வருஷம் தொடர்ந்து பாத்த எபிக்-ஆக்ஸ்ஃபோர்ட் ஆய்வு 2019ல வந்தது. சைவக்காரங்களுக்கு இதய ரத்தக்குழாய் நோய் 22 சதவீதம் கம்மி, ஆனா பக்கவாதம் 20 சதவீதம் கூட. ரெண்டையும் சேத்து சொல்லணும், கமிட்டி போஸ்டர்ல முதல் பாதி மட்டும்தான் வரும்.

நடைமுறைல ஆபீஸ் சைவம் என்னன்னா, லேட் மீட்டிங்க்கு வர்ற தட்டுல நமக்குன்னு மிஞ்சறது வறுத்த உருளைக்கிழங்கும் பிஸ்கட்டும்தான். ஒரு நாள் ஏழு மணி வரைக்கும் நான் அத மட்டுமே சாப்பிட்டிருக்கேன். சைவம்னு டிக் பண்ணிட்டாங்க, சாப்பாடு வைக்கல.

கேன்டீன்ல கரண்டி விஷயமும் அப்படித்தான். ஒரு பாத்திரத்துல பீன்ஸ் குழம்பு, பக்கத்துல இறைச்சிக் குழம்பு, ரெண்டுக்கும் ஒரே கரண்டி போய் வரும். பீன்ஸ் மேல ஒரு எண்ணெய் வளையம் வேற நிறத்துல மிதக்கும், அதப் பாத்துத்தான் நான் தட்டோட திரும்புவேன். பரிமாறுற அம்மாகிட்ட தனியா போய் கேட்டேன். "எனக்கு ஒரு கரண்டிதாம்மா கொடுத்திருக்காங்க"ன்னாங்க. அவங்க மேல தப்பே இல்ல. மறுநாள் கமிட்டி காசுல நாலு கரண்டி வாங்கி கைப்பிடில பச்சை டேப் சுத்தி கொடுத்தோம். சைவ வரிசை நீண்டது அன்னிலேர்ந்துதான், எட்டு வார சேலஞ்ச் எதுக்கும் அப்படி நீளல.

பிப்ரவரி 24, காலை 7.40

டீம்ல முணுமுணுக்குறாங்கன்னு எழுதினீங்களே, அதுக்கு சட்டம் இருக்கான்னு ஒருத்தர் கேட்டார். நாட்டுக்கு நாடு மாறும். பிரிட்டன்ல 2019ல ஒரு தீர்ப்பாயம், சைவமா இருக்கறது சட்டம் பாதுகாக்கற நம்பிக்கை ஆகாதுன்னு சொல்லுச்சு, 2020 ஜனவரில இன்னொரு வழக்குல அறநெறி சார்ந்த வீகனிசம் அதுக்குள்ள வரும்னு சொன்னாங்க. அவ்வளவு தூரம் போறதுக்கு முன்னாடி, தனி ஆள் உணவு பாயின்ட்ட டீம் ஸ்கோர்லேர்ந்து பிரிக்கச் சொல்லுங்க தம்பி. முணுமுணுப்பு அங்கேர்ந்துதான் கிளம்புது. எங்க ஆபீஸ்ல பிரிச்ச வாரமே என் தட்ட யாரும் எட்டிப் பாக்கல.

மார்ச் 2, இரவு 8.20

கேள்வி கேட்ட தம்பியே திரும்பி வந்து எழுதியிருக்கார். பட்டியல்ல பருப்பு, பயறு, சோயா, பால் பொருள் நாலும் சேத்துட்டாங்களாம், அவர் கட்டம் இப்ப பச்சை. சாப்பாடு அதேதான், மாறினது பட்டியல். டீம் ஸ்கோர் விஷயம் இன்னும் பேசிக்கிட்டு இருக்காங்க, விடாதீங்க.

பி12 எடுத்ததுல 210 வந்திருக்குன்னு கேட்டிருக்கீங்க. லேப் சீட்டுல நார்மல்னு போட்டிருந்தாலும் 200க்கும் 300க்கும் நடுவுல இருந்தா எல்லைக்கோடுன்னு நிறைய டாக்டர்கள் எடுத்துக்குறாங்க, சந்தேகம் இருந்தா மெத்தில்மலோனிக் ஆசிட், ஹோமோசிஸ்டின்னு இன்னும் ரெண்டு டெஸ்ட் இருக்கு. டாக்டர பாக்கறதுக்கு முன்னாடி நீங்களா மாத்திரை ஆரம்பிச்சுடாதீங்க, நம்பர் ஏறிட்டா அப்புறம் அவருக்கு புரியாமப் போயிடும். கால் விரல்ல, பாதத்துல மரத்துப்போற மாதிரி எதாச்சும் இருந்தா, அது சின்ன விஷயம்னு தோணினாலும், அத முதல்ல சொல்லுங்க. நான் நாற்காலிய குறை சொல்லிக்கிட்டு ஒரு வருஷத்துக்கு மேல விட்டுட்டேன்.

சனிக்கிழமை டாக்டர்கிட்ட போயிட்டு வந்து என்ன சொன்னார்னு எழுதுங்க.